கோல்டன்ராட்டில் என்ன கோளாறு? அறிகுறி பார்த்துத் தீர்க்கும் வழி

ஆகஸ்ட் நடுவிலிருந்து அக்டோபர் தொடக்கம் வரை தென் ஒன்ராறியோவில் எங்கே திரும்பினாலும் ஒரு மஞ்சள் கண்ணில் படும். நெடுஞ்சாலை ஓரம், வெறுங்காணி, உயர்மின்கம்பிகளுக்குக் கீழே கிடக்கும் நிலம் என்று எல்லா இடத்திலும் கோல்டன்ராட்தான். ஸ்காபரோவில் மின்கம்பி வழித்தடத்தில் 16 கி.மீ. நீளத்துக்குப் பூவெளியாக மாற்றிவரும் மெடோவேயில் செப்டெம்பர் மாதம் நடந்தவர்கள் இதைப் பார்க்காமல் வந்திருக்க மாட்டார்கள். இந்த மண்ணுக்கே உரிய காட்டுப்பூ இது. மற்றப் பூக்கள் ஓய்ந்துவிட்ட நேரத்தில் பூப்பதால், குளிருக்கு முன் கடைசியாகத் தேன் சேர்க்கும் தேனீக்களுக்கும், மெக்சிகோவுக்குப் பறக்கும் மொனார்க் வண்ணத்துப்பூச்சிகளுக்கும் பெரிய ஆதாரம்.

வீட்டு வளவில் வைத்தவர்களிடமிருந்து வரும் முறைப்பாடுகள் அநேகமாக ஒரே மாதிரியானவை. பரவுகிறது, சாய்கிறது, பூக்கவில்லை, தண்டு வீங்கியிருக்கிறது, தும்மல் வருகிறது. இவற்றில் பாதிக்குக் காரணம், இடத்துக்குப் பொருந்தாத இனத்தை நட்டது. இன்னொரு பங்குக்குக் காரணம், தேவைக்கு மேல் தண்ணீரும் பசளையும் கொடுத்தது. மிச்சம் கோளாறே இல்லை, அந்தச் செடியை நம்பி வாழும் உயிர்களின் அடையாளம். அதனால் எந்த அறிகுறி தெரிந்தாலும் பூச்சிமருந்துப் போத்தலை எடுக்க வேண்டாம். முதலில் இனத்தைப் பாருங்கள், அப்புறம் உங்கள் அறிகுறிக்குப் போங்கள்.

முதலில்: உங்களிடம் இருப்பது எது?

ஒன்ராறியோவில் மட்டும் 20-க்கும் மேற்பட்ட கோல்டன்ராட் இனங்கள் உண்டு. சரியான பெயரைக் கண்டுபிடிப்பது தாவரவியலாளருக்கே சில நேரம் சிரமம். ஆனால் தோட்டத்துக்கு வேண்டிய அளவு அடையாளம் காண்பது கடினமில்லை. பூத்திருக்கும் நேரத்தில் பூங்கொத்தின் வடிவத்தைப் பாருங்கள்.

உச்சியில் கிளைகள் வளைந்து, அந்த வளைவின் மேற்பக்கத்தில் மட்டும் பூக்கள் வரிசையாக இருந்தால், இலையைப் பிடித்து வெளிச்சத்தில் பாருங்கள். நடு நரம்போடு அதன் இருபுறமும் நீளவாக்கில் இரண்டு நரம்புகள் சேர்ந்து ஓடி, மொத்தம் மூன்று தெளிவாகத் தெரிந்தால் அது கனடா கோல்டன்ராட் கூட்டம். அதற்குள் பிரித்தறிய விரலால் தண்டைத் தடவுங்கள். அடியிலிருந்து பூங்கொத்துக்குக் கீழே வரை வழவழப்பாக, லேசான வெள்ளை மெழுகு பூசினதுபோல் இருந்தால் சொலிடாகோ ஜைகான்டியா (சொலிடாகோ என்பது கோல்டன்ராட்டின் அறிவியல் பேரினப் பெயர்). அடியில் வழவழப்பு, மேலே மயிர் என்றால் சொலிடாகோ கனடென்சிஸ். அடி முதல் நுனி வரை மயிர் என்றால் சொலிடாகோ அல்டிசிமா. மூன்றும் நிலத்தடித் தண்டால் பரவுபவை.

அதே வளைந்த வடிவம், ஆனால் செடி முழங்கால் உயரம்தான், சாம்பல் படிந்த நிறம், அடியில் பெரிய இலை, மேலே போகப் போகச் சின்ன இலை என்றால் சாம்பல் கோல்டன்ராட், சொலிடாகோ நெமொராலிஸ். வறண்ட மணலிலும் வாழும். ஜூலையிலேயே பூத்துவிட்டால் சொலிடாகோ ஜன்சியாவாக இருக்க வாய்ப்பு அதிகம். இலை சுருக்கம் விழுந்து, நரம்புகள் வலைபோல் பள்ளமாகத் தெரிந்தால் சொலிடாகோ ருகோசா.

பூங்கொத்து உச்சியில் தட்டையாக விரிந்திருந்தால் அநேகமாக இரண்டு சாத்தியம். இலை தடித்து, நீள்வட்டமாக, தொட்டால் சொரசொரவென்று இருந்தால் சொலிடாகோ ரிஜிடா. இலை புல்லைப்போல ஒடுங்கி இருந்தால் யூதேமியா. முன்பு சொலிடாகோ பேரினத்தில் வைத்திருந்ததைத் தாவரவியலாளர்கள் இப்போது தனியாகப் பிரித்துவிட்டார்கள். இதுவும் பரவும்.

பூக்கள் உச்சியில் குவியாமல் இலைக் கக்கங்களில் சின்னச் சின்னக் கொத்தாக இருந்தால் அது நிழல் விரும்பி. தண்டு நீலமோ ஊதாவோ கலந்து மெழுகாக இருந்து, இலை ஒடுங்கியிருந்தால் சொலிடாகோ சீசியா. தண்டு ஒவ்வொரு கணுவிலும் இடமும் வலமுமாக வளைந்து, இலை அகலமாகக் கூரிய பற்களோடு இருந்தால் சொலிடாகோ ஃபிளெக்சிகாலிஸ். பூங்கொத்து நேராக நிமிர்ந்த தூண்மாதிரி இருந்து, தண்டில் சிவப்பு ஓடினால் சொலிடாகோ ஸ்பீசியோசா. மஞ்சளே இல்லாமல் வெள்ளையாகப் பூப்பதும் ஒன்று உண்டு, சொலிடாகோ பைகலர்.

பூ இல்லாத காலத்தில் இவ்வளவும் பார்க்க முடியாது. அப்போது ஒரே ஒரு சோதனை போதும். செடியின் ஓரத்தில் விரலால் மண்ணை விலக்குங்கள். பென்சில் தடிப்பில், இளஞ்சிவப்பு நுனியோடு கிடையாக வெளியே ஓடும் தண்டுகள் தெரிந்தால் அது பரவும் இனம். வேரும் மொட்டுகளும் நடுவில் ஒரே முடிச்சாகத் திரண்டிருந்தால் அது புதராக நிற்கும் இனம். தோட்டக்காரருக்குப் பெயரைவிட இந்தத் தகவல்தான் முக்கியம்.

"இன்னும் பூக்கவில்லை. இது கோல்டன்ராட்தானா, களையா?"

கோல்டன்ராட்டின் இலை எந்த இனத்திலும் தனி இலை. ஓரத்தில் பல் இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம், ஆனால் துண்டு துண்டாக வெட்டுப்பட்டிருக்காது. இலைகள் தண்டில் ஒன்றுவிட்டு ஒன்றாக மாறி மாறி வரும். இந்த ஒரு விதியை வைத்தே பல செடிகளை ஒதுக்கிவிடலாம்.

இலை கேரட் இலைபோல ஆழமாகப் பிரிந்திருந்தால் அது தும்மலைக் கிளப்பும் களையான ராக்வீட். பிடுங்குங்கள். இலை பன்னம்போல் பிரிந்து, கசக்கினால் கற்பூரம் கலந்த கடும் வாசம் வந்தால் டான்சி. ஐரோப்பாவிலிருந்து வந்தது, பூ மஞ்சள் பொத்தான்களாக இருக்கும்.

கவனமாக இருக்க வேண்டியது காட்டுப் பார்ஸ்னிப் செடியிடம். மஞ்சள் பூக்கள் குடைமாதிரி விரிந்து, ஜூன், ஜூலையில் சாலையோரங்களில் நிற்கும். அதன் சாறு தோலில் பட்டு, பிறகு அந்த இடத்தில் வெயிலும் பட்டால் தீக்காயம்போலக் கொப்புளிக்கும். தண்டு பள்ளமும் மேடுமாக வரியோடி, ஒரே காம்பில் பல சிற்றிலைகள் இருந்தால் வெறுங்கையால் தொடாதீர்கள். கோல்டன்ராட் என்று நினைத்துப் பிள்ளைகள் பறிக்கப் போகாமல் முதலிலேயே காட்டிக்கொடுத்துவிடுவது நல்லது.

"இது பூத்ததிலிருந்து வீட்டில் எல்லாருக்கும் தும்மல்"

இந்தச் செடிமேல் விழும் பழிகளிலேயே பெரியது இது. அநியாயமானதும்கூட. கோல்டன்ராட்டின் மகரந்தம் கனமானது, ஒட்டும் தன்மையுள்ளது. காற்றில் பறக்காது, பூச்சியின் உடம்பில் ஒட்டிக்கொண்டுதான் அடுத்த பூவுக்குப் போகும். பளிச்சென்ற மஞ்சளும் தேனும் பூச்சியைக் கூப்பிடத்தானே இருக்கின்றன?

அதே வாரங்களில், அநேகமாக அதே வேலியோரத்தில், ராக்வீட்டும் பூக்கிறது. அதன் பூ பச்சை நிறம், கண்ணில் படாது. காற்றை நம்பி வாழும் செடி என்பதால் ஒரு செடியே ஒரு பருவத்தில் 100 கோடித் துகள்கள் வரை வெளியிடக்கூடியது. தும்மல் வந்து சுற்றிப் பார்ப்பவருக்குத் தெரிவது மஞ்சள் பூ மட்டும்தான்.

செய்ய வேண்டியது இதுதான். வீட்டைச் சுற்றி, குறிப்பாக நடைபாதை வெடிப்பு, தார்ச்சாலை விளிம்பு, புதிதாக மண் கிளறின இடம் ஆகியவற்றில் ராக்வீட்டைத் தேடுங்கள். ஜூலை முடிவதற்குள் பிடுங்கினால் பூக்காது. ஆண்டுச் செடி என்பதால் வேரோடு இழுத்தாலே முடிந்தது. பூத்த பிறகு பிடுங்க நேர்ந்தால் முகமூடியும் கையுறையும் போட்டுக்கொள்ளுங்கள். ஒன்ராறியோவின் களைக் கட்டுப்பாட்டுச் சட்டப் பட்டியலில் இருப்பது ராக்வீட். கோல்டன்ராட் அதில் இல்லை.

ஒரு விதிவிலக்கைச் சொல்லியாக வேண்டும். சூரியகாந்திக் குடும்பச் செடிகளே ஒத்துக்கொள்ளாதவர்கள் உண்டு. அவர்கள் கோல்டன்ராட்டை வெட்டிக் கையாளும்போது தோல் அரிக்கலாம், ஜாடியில் வைத்து முகத்தருகே முகர்ந்தால் மூக்கும் எரியலாம். அவர்கள் பூவை வெளியிலேயே விட்டுவிடட்டும்.

"ஒரு செடி வைத்தேன், இப்போது பாத்தி முழுக்க அதுதான்"

மேலே சொன்ன விரல் சோதனையைச் செய்யுங்கள். ஓடும் தண்டு தெரிந்தால் உங்களிடம் இருப்பது அநேகமாகக் கனடா கூட்டமோ யூதேமியாவோ ஆக இருக்கும். கனடா கோல்டன்ராட்டுக்கு இது பழுதல்ல, இயல்பு. கைவிட்ட வயலில் முதலில் வந்து நிலத்தைப் பிடிக்கும் செடி அது. வேரிலிருந்து கசியும் வேதிப்பொருட்களால் பக்கத்துச் செடிகளின் முளைப்பையும் அடக்கக்கூடியது. ஏக்கர் கணக்கில் நிலம் இருப்பவருக்கு அருமையான செடி. ஒரு சிறு முன்வளவுக்கு நான் ஒருபோதும் பரிந்துரைக்க மாட்டேன்.

எவ்வளவு பரவியிருக்கிறது என்பதைப் பொறுத்து வழி மாறும்.

ஓரத்தில் மட்டும் புது முளைகள் என்றால், மே மாதத்தில் நல்ல மழை பெய்த மறுநாள் போங்கள். நிலத்தடித் தண்டு ஆழமில்லை. முளையின் அடியைப் பிடித்துச் சாய்வாக இழுத்தால் தண்டும் சேர்ந்து வரும். ஆண்டுக்கு ஒருமுறை இதைத் தவறாமல் செய்தால் கூட்டம் அதே அளவில் நிற்கும்.

பாத்தியில் பாதி போய்விட்டதென்றால் முள்மண்வெட்டியால் கிளறித் தோண்டி, தண்டுத் துண்டுகளைக் கையால் பொறுக்க வேண்டும். மோட்டார் உழவியைக் கொண்டுபோகாதீர்கள். வெட்டுப்படும் ஒவ்வொரு துண்டும் புதுச் செடியாகும்.

முழுதும் மூடிவிட்டதென்றால் ஜூன் நடுவில் ஒருமுறை, ஆகஸ்டில் பூக்கும் முன் மறுமுறை தரையோடு வெட்டுங்கள். வேரில் சேமித்த பலத்தைச் செடி மேலே அனுப்பிய பிறகு வெட்டுவதால் அது களைக்கும். வெட்டின கையோடு காட்போட் மட்டைகளை விளிம்பு மேல் விளிம்பாகப் பரப்பி, மேலே அரையடி மரத்தூள் மூடாக்குப் போட்டு ஒரு முழுப் பருவம் விட்டால் இன்னும் வேகமாக முடியும்.

காலியான இடத்தில் புதராக நிற்கும் இனத்தை வையுங்கள். வெயில் என்றால் ஸ்பீசியோசா அல்லது ரிஜிடா, வறண்ட மண் என்றால் நெமொராலிஸ், மரநிழல் என்றால் சீசியா. ரிஜிடா வேரால் பரவாது, ஆனால் விதை நிறைய விழும். பக்கத்தில் முளைப்பதை விரும்பாதவர்கள் பூ வாடியதும் பாதித் தலைகளை வெட்டிவிடலாம். எல்லாவற்றையும் வெட்டிவிடாதீர்கள், குளிர்காலத்தில் கோல்ட்ஃபிஞ்ச் குருவிகள் வந்து விதையைக் கொத்தும்.

நர்சரியில் வாங்கும்போது அட்டையில் சொலிடாகோ என்று மட்டும் இருந்து இனப்பெயர் இல்லையென்றால் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். கேட்டும் தெரியவில்லையென்றால் சாடியைக் கவிழ்த்து வேரைப் பாருங்கள். சாடிச் சுவரைச் சுற்றித் தடித்த தண்டுகள் ஓடினால் அது எந்த வகை என்று உங்களுக்கே விளங்கிவிடும்.

"பூக்கும் நேரத்தில் எல்லாம் சாய்ந்து விழுகிறது"

மூன்று கேள்வி. பசளையோ கொம்போஸ்டோ போட்டீர்களா? தானியங்கி நீர்தெளிப்பு அந்தப் பாத்திக்கும் போகிறதா? ஆறு மணி நேர வெயில் விழுகிறதா?

முதல் இரண்டில் ஒன்றுக்காவது ஆம் என்றால் அங்கேயே காரணம் கிடைத்துவிட்டது. வறண்ட, சத்துக் குறைந்த மண்ணுக்குப் பழகின செடிக்குச் சத்துக் கூடினால் தண்டு உயரமாக, மென்மையாக வளரும். பூவின் பாரமும் மழைத் தண்ணீரும் சேர்ந்ததும் கிடந்துவிடும். பசளையை நிறுத்துங்கள். ஊன்றிப் பிடித்துவிட்ட செடிக்குக் கடும் வறட்சி தவிர வேறெப்போதும் தண்ணீர் தேவையில்லை. மூன்றாவதற்கு இல்லை என்றால் செடி வெளிச்சத்தைத் தேடிச் சாய்கிறது. இடம் மாற்றுங்கள், அல்லது அந்த இடத்துக்கு நிழல் இனம் வாங்குங்கள்.

இந்த ஆண்டுக்கே தீர்வு வேண்டுமென்றால் மே கடைசிக்கும் ஜூன் நடுவுக்கும் இடையில் தண்டுகளின் மேல் மூன்றில் ஒரு பங்கை வெட்டிவிடுங்கள். பக்கக் கிளைகள் வெடித்து, செடி குட்டையாகவும் அடர்த்தியாகவும் நிற்கும். பூ ஓரிரு வாரம் தள்ளிப்போகும், அவ்வளவுதான். ஜூலைக்குப் பிறகு வெட்டினால் மொட்டும் சேர்ந்து போய்விடும். சீசியாவை வெட்டத் தேவையில்லை; வளைந்து தொங்குவது அதன் இயல்பு, அழகும் அதுதான்.

இன்னொரு வழி, தனியாக நிறுத்தாமல் நெருக்கமாக நடுவது. பூவெளியில் கோல்டன்ராட்டுகள் சாயாமல் நிற்பதற்குப் பெரிய புளூஸ்டெம் போன்ற புற்களும் நியூ இங்கிலாந்து ஆஸ்டரும் தோள்கொடுப்பது ஒரு காரணம். அந்த ஆஸ்டரின் ஊதாவும் கோல்டன்ராட்டின் மஞ்சளும் ஒரே வாரத்தில் பூக்கும்போது பார்க்க வேண்டும்.

"செடி நன்றாக இருக்கிறது, பூ மட்டும் இல்லை"

விதையிலிருந்து வளர்த்ததென்றால் முதல் ஆண்டு பூக்காதது சாதாரணம். அந்த ஆண்டு வேருக்குப் போகிறது. இரண்டாம் ஆண்டு பூக்கும், ரிஜிடாவும் ஸ்பீசியோசாவும் மூன்றாம் ஆண்டு வரை எடுக்கலாம்.

வயதான செடியென்றால் நுனியைப் பாருங்கள். தண்டு நுனி சாய்வாகக் கடித்த மாதிரி இருந்தால் முயல், மேலிருந்து கிழித்தது மாதிரி இருந்தால் மான். ஏப்ரல் முதல் ஜூன் வரை கம்பி வலையால் சுற்றிக் காத்தால் போதும், பிறகு செடி உயர்ந்துவிடும். நுனியில் இலைகள் ஒரு ரோசாப்பூப்போல நெருக்கிக் குவிந்திருந்தால் அது ஒருவகைச் சிற்றீயின் வேலை. நடுத்தண்டின் வளர்ச்சி அங்கேயே நிற்கும், பக்கக் கிளைகள் வந்து பூக்கும். ஒன்றும் செய்ய வேண்டாம்.

"விதை போட்டேன், ஒன்றுமே முளைக்கவில்லை"

வீட்டுக்குள் சூடான இடத்தில் கத்தரி, மிளகாய் விதைக்கிற மாதிரி விதைத்திருந்தால் முளைக்காது, அல்லது அங்கொன்று இங்கொன்றுதான் வரும். இந்த விதைகளுக்குக் குளிரும் ஈரமும் சேர்ந்து கிடைக்க வேண்டும். குளிர்காலம் போய்விட்டது என்று அவை உணர்ந்த பிறகே விழிக்கும்.

ஈர மணலில் கலந்து குளிர்சாதனப் பெட்டியில் சுமார் 60 நாள் வைக்கலாம். அதைவிட எளிது, டிசம்பரிலோ ஜனவரியிலோ வெளியில் விதைத்துவிடுவது. கேக் வாங்கும்போது வரும் தெளிவான பிளாஸ்டிக் பெட்டியில் அடியிலும் மேலேயும் ஓட்டை போட்டு, நான்கு விரல் உயரத்துக்கு நாற்றுமண் நிரப்பி, விதையை மேலே தூவி, விரலால் லேசாக அழுத்தி, மூடி, ஸ்னோ விழும் இடத்தில் வைத்துவிடுங்கள். மண்ணால் மூடாதீர்கள், விதை மிகச் சிறியது, முளைக்க வெளிச்சம் வேண்டும். ஏப்ரல் கடைசியில் பச்சை தெரியும்.

இப்படிச் செய்தும் முளைக்கவில்லையென்றால் விதையைச் சந்தேகியுங்கள். ஒரே ஒரு செடியிலிருந்து எடுத்த விதையா? பெரும்பாலான கோல்டன்ராட்டுகள் தன் மகரந்தத்தால் தானே கருவுறாது. தனியாக நிற்கும் செடியில் பஞ்சு நிறைய இருக்கும், உள்ளே விதை பதராக இருக்கும். பக்கத்தில் அதே இனத்தில் வேறு விதையிலிருந்து வந்த செடி ஒன்று இருக்க வேண்டும். விதை சேர்க்க ரூஜ் தேசிய நகரப் பூங்காவுக்கோ மற்றப் பூங்காக்களுக்கோ போகாதீர்கள், அங்கே செடியும் விதையும் எடுக்கத் தடை.

"தண்டு நடுவில் உருண்டையாக வீங்கியிருக்கிறது"

இதைப் புற்றுநோய் மாதிரி நினைத்துப் பயந்து செடியையே பிடுங்கி எறிபவர்கள் இருக்கிறார்கள். தயவுசெய்து பிடுங்காதீர்கள். அந்த உருண்டைக்குள் ஒரு முழு உலகம் இருக்கிறது.

கோல்டன்ராட் கால் ஈ (gall fly; gall என்றால் செடியில் வரும் வீக்கம்) என்ற சின்ன ஈ, வசந்தத்தின் கடைசியில் தண்டின் இளநுனியில் முட்டை வைக்கிறது. புழு தண்டுக்குள் இறங்கியதும் அதைச் சுற்றிச் செடி தன் சதையையே உருண்டையாக வளர்த்துக்கொடுக்கிறது. புழுவுக்கு அதுவே வீடு, அதுவே சாப்பாடு. இலையுதிர்காலத்தில் அது வெளித்தோல் வரை ஒரு சுரங்கம் குடைந்து, கடைசிப் படலத்தை மட்டும் உடைக்காமல் விட்டுவிட்டு உள்ளே திரும்பிவிடும். வசந்தத்தில் ஈயாக மாறியபின் கடித்து வெளியேற அதற்கு வாயில்லை என்பதால் இந்த முன்னேற்பாடு. குளிர்காலத்தில் அதன் உடலில் கிளிசரோலும் சோர்பிடோலும் சேர்ந்து, உடல் திரவத்தின் ஒரு பகுதி உறைந்தாலும் உயிரணுக்கள் சேதமாகாமல் காக்கின்றன. குளிரைத் தாங்கும் உயிர்களைப் பற்றி ஆராய்பவர்கள் இந்தப் புழுவை விரும்பிப் படிப்பது இதனால்தான்.

உருண்டையில் ஓட்டை தெரிந்தால் கதையின் அடுத்த பகுதியையும் படிக்கலாம். குளிர்காலத்தில் சுத்தமாகக் குடைந்த ஓட்டை என்றால் டவுனி மரங்கொத்தி. தாறுமாறாகப் பிய்த்திருந்தால் சிக்கடிக் குருவி. வசந்தத்தில் தோன்றும் சின்ன வட்ட ஓட்டை என்றால் ஈ வெளியே போய்விட்டது. ஐஸ் மீன்பிடிக்கப் போகிறவர்கள் சிலர் இந்தப் புழுவையே தூண்டிலில் கோர்ப்பார்கள்.

வீக்கம் உருண்டையாக இல்லாமல் நீள்வட்டமாக இருந்தால் அது ஒரு அந்துப்பூச்சியுடையது. இரண்டிலும் செடி சாகாது. வீங்கின தண்டுகளைக் குளிர்காலம் முழுக்க நிற்க விடுங்கள். வசந்தத்தில் துப்புரவு செய்யும்போதும் வெட்டின தண்டுகளை வேலியோரம் சாய்த்து வைத்தால் ஈ வெளியே வர வழியிருக்கும். ஒன்றரை அடி உயரத்துக்கு அடிக்கட்டையை விட்டுவைத்தால் அதன் உட்பஞ்சைக் குடைந்து சிறு தேனீக்கள் கூடு வைக்கும்.

"இலையில் பொடி, புள்ளி, துரு"

வெள்ளைப் பொடி என்றால் சாம்பல் நோய். பகலில் வெயிலும் இரவில் ஈரக்குளிருமாக இருக்கும் ஆகஸ்டில் வரும். நெருக்கமாக இருந்தால் மூன்றில் ஒரு தண்டை அடியோடு எடுத்துக் காற்றோட்டம் கொடுங்கள். தண்ணீரை இலையில் அடிக்காமல் அடியில் ஊற்றுங்கள். மருந்து வேண்டாம், பூப்பதை அது தடுக்காது.

இலையின் கீழ்ப்பக்கம் ஆரஞ்சுப் பொடி என்றால் துருநோய். இந்தப் பூஞ்சையின் முழு வாழ்க்கைச் சுற்றுக்குப் பைன் மரமும் வேண்டும், கோல்டன்ராட்டோ ஆஸ்டரோ வேண்டும். பக்கத்தில் சிவப்புப் பைன் இருந்தால் வருவது ஆச்சரியமில்லை. மோசமான இலைகளைக் கிள்ளிக் குப்பையில் போடுங்கள்.

தார் சொட்டினதுபோல் கருவட்டம் என்றால் அதுவும் ஒரு சிற்றீயும் பூஞ்சையும் சேர்ந்து செய்யும் கொப்புளம். விட்டுவிடலாம். உயர இனங்களில் அடி இலைகள் பூக்கும் முன்பே காய்ந்து உதிர்வது நோயே இல்லை. வெறுந்தண்டு கண்ணை உறுத்தினால் முன்னால் குட்டையான ஆஸ்டரை நட்டு மறையுங்கள்.

"தண்டு முழுக்கச் சிவப்புப் பேன், இலையெல்லாம் ஓட்டை"

உச்சித் தண்டில் அப்பியிருக்கும் அந்தச் சிவப்பு அசுவினி கோல்டன்ராட் இனங்களிலேயே வாழ்வது, உங்கள் தக்காளிக்குப் போகாது. பொறுத்திருந்தால் பொறிவண்டு வரும். செடி இளசாக இருந்து வாடினால் மட்டும் ஹோஸ் தண்ணீரைப் பீய்ச்சி அடித்துக் கழுவுங்கள். எச்சில் நுரைபோல் இருப்பதற்குள் ஒரு இளம்பூச்சி ஒளிந்திருக்கிறது, அதனால் கேடு இல்லை.

இலையை அரித்துச் சல்லடையாக்குவது அநேகமாக ட்ரைராப்டா வண்டின் புழு. கூட்டமாக வந்தால் ஒரு தொகுதியையே மொட்டையாக்கிவிடும். சிறிய வளவென்றால் சோப்புத் தண்ணீர் வாளியில் தட்டிவிடலாம். மற்ற ஓட்டைகளை மன்னித்துவிடுங்கள். கிழக்கு வட அமெரிக்காவில் 100-க்கும் மேற்பட்ட வண்ணத்துப்பூச்சி, அந்துப்பூச்சி இனங்களின் புழுக்கள் கோல்டன்ராட்டைத் தின்று வளர்கின்றன. குஞ்சுகளுக்கு ஊட்டப் பறவைகள் தேடுவதும் அந்தப் புழுக்களைத்தான். இலை முழுசாக இருக்க வேண்டுமென்று மருந்தடித்தால், எதற்காக இந்தச் செடியை வைத்தோமோ அதையே கொன்றுவிடுகிறோம்.

பூவின்மேல் குளவிபோல் கறுப்பும் மஞ்சளுமாக வரியோடிய நீளக் கொம்புள்ள பூச்சி நின்றால் அது கொட்டாது. லோகஸ்ட் மரத்தைத் துளைக்கும் வண்டு, மகரந்தம் தின்ன வந்திருக்கிறது.

"பூ பச்சையாகவே நிற்கிறது, கிளைகள் துடைப்பம்போல்"

இந்தப் பட்டியலில் செடியைப் பிடுங்கச் சொல்லும் ஒரே நோய் இது. பூவிதழ்கள் இலைபோல் பச்சையாக, உருக்குலைந்து, மெல்லிய கிளைகள் கொத்தாக வெடித்தால் ஆஸ்டர் மஞ்சள் நோயாக இருக்கலாம். தத்துப்பூச்சிகள் பரப்பும் பைட்டோபிளாஸ்மா என்ற, பாக்டீரியா வகை நுண்ணுயிரால் வருவது, மருந்து கிடையாது. வேரோடு எடுத்து, கொம்போஸ்டில் போடாமல் குப்பையில் கட்டிப் போடுங்கள். இல்லாவிட்டால் எக்கினேசியா, ஆஸ்டர், கேரட் எல்லாவற்றுக்கும் போகும்.

"வசந்தத்தில் எழும்பவே இல்லை"

மே நடுப்பகுதி வரை பொறுங்கள். அதற்குப் பிறகும் இல்லையென்றால் மண்ணைக் கிளறிப் பாருங்கள். வேர் அழுகிக் குழகுழவென்று இருந்தால் குளிர்கால ஈரம்தான் காரணம். நெமொராலிஸ் களிமண்ணில் தண்ணீர் தேங்கினால் தாங்காது. அடுத்த முறை மேட்டுப் பாத்தியில் மணல் கலந்து நடுங்கள். சாடியில் வெளியே வைத்திருந்ததென்றால் வேர் நான்கு பக்கமும் உறைந்திருக்கும். நவம்பரில் சாடியோடு மண்ணில் புதைத்துவிட்டால் பிழைக்கும். மூடாக்கை அடியில் குவித்திருந்தாலும் முளை திணறும், இரண்டு விரல் தடிப்பு போதும்.

"அயலவர் களை என்கிறார், நகரசபைக்குச் சொல்லப் போகிறாராம்"

ரொறன்ரோவில் 20 செ.மீ. உயர வரம்பு புல்தரைப் புல்லுக்குத்தான், பூச்செடிக்கு அல்ல. மற்ற நகரங்களுக்கு விதிகள் வேறு, உங்கள் நகரசபைப் பக்கத்தில் பார்த்துக்கொள்ளுங்கள். சட்டம் உங்கள் பக்கம் இருந்தாலும் அயலவரோடு சண்டை வேண்டாம். பாத்திக்கு ஒரு கல் விளிம்பு வையுங்கள், நடைபாதையில் சாயும் தண்டுகளை வெட்டுங்கள், உயரமானதைப் பின்னாலும் குட்டையானதை முன்னாலும் நடுங்கள். வேண்டுமென்றே வளர்த்த தோட்டம் என்று பார்த்ததும் தெரிந்தால் பாதி முறைப்பாடு அடங்கும். தும்மல் பயத்தில் பேசுகிறார் என்றால் ராக்வீட் ஒன்றைப் பிடுங்கிக் கையில் காட்டுங்கள்.

"விதையை ஊரில் இருக்கிறவர்களுக்கு அனுப்பலாமா?"

வேண்டாம். இங்கே இதைத் தின்று கட்டுப்படுத்த நூற்றுக்கணக்கான பூச்சிகள் உண்டு. அவை இல்லாத ஐரோப்பாவிலும் சீனாவிலும் கனடா கோல்டன்ராட், ஜப்பானில் அல்டிசிமா, வயலையும் ஆற்றங்கரையையும் பிடித்துக்கொண்டு அகற்ற முடியாத களையாகிவிட்டன. யாழ்ப்பாணத்திலோ கோயம்புத்தூரிலோ தேனீக்கு ஏதாவது வைக்க ஆசைப்படுபவர்களுக்கு ஆவாரையும் தும்பையும் அங்கேயே கிடைக்கும்.